அமானுஷ்ய ஆந்தாலஜி தொடர்களைப் பார்ப்பது எப்படி: முதல் இரவிலிருந்து தொடங்கும் முழு வழிகாட்டி

வழக்கமான ஒரு திகில் தொடரில் கதாநாயகி இருட்டான மாடிப்படியில் ஏறுகிறாள். நமக்கு நெஞ்சு படபடக்கிறது, ஆனாலும் அடியாழத்தில் ஒரு தைரியம் இருக்கிறது: அடுத்த வாரமும் அவள் வந்தாக வேண்டும். ஆந்தாலஜி தொடரில் அந்தத் தைரியத்துக்கு இடமே இல்லை. ஒவ்வொரு எபிசோடும் தனிக்கதை. ஆட்கள், ஊர், காலம் எல்லாமே மாறிவிடும். இருபத்தைந்து நிமிடத்துக்கு முன்னால்தான் அறிமுகமான அந்த மனிதருக்கு அடுத்த வாரம் என்று ஒன்று எழுதப்படவே இல்லை. அவருக்கு எது வேண்டுமானாலும் நேரலாம்.

இந்த வகைத் தொடர்கள் தரும் பயத்துக்கு வேர் அதுதான். பேயை விட, பேய்க்கு முன்னால் தனியாக நிற்கும் அந்த ஒரு மனிதரைக் கவனிக்கப் பழகினால் போதும், அறுபது வருடத்துக்கு முந்தைய கறுப்பு வெள்ளை எபிசோடு கூட இன்றைக்கு வேலை செய்யும். அதற்குப் பழகுவது எப்படி என்பதைப் படிப்படியாகச் சொல்கிறேன். எந்த எபிசோடின் முடிவையும் உடைக்க மாட்டேன்.

முதல் படி: எந்த வகை என்று பிரித்துக்கொள்ளுங்கள்

ஆந்தாலஜி என்ற ஒரே பெயரில் மூன்று வேறு வேறு சரக்குகள் கிடைக்கின்றன. எது எது என்று தெரியாமல் உட்கார்ந்தால் ஏமாற்றம்தான்.

ஒன்று, எபிசோடுக்கு ஒரு கதை. 'தி ட்வைலைட் ஜோன்' இதன் தலைப்பிள்ளை. 1959 அக்டோபர் 2 அன்று சிபிஎஸ் சேனலில் தொடங்கி 1964 வரை ஐந்து சீசன்கள், 156 எபிசோடுகள். இரண்டு, சீசனுக்கு ஒரு கதை. 2011-இல் தொடங்கிய 'அமெரிக்கன் ஹாரர் ஸ்டோரி' இப்படித்தான். தமிழில் தொண்ணூறுகளில் வந்த 'மர்மதேசம்' கூட இந்த அமைப்புதான். 'ரகசியம்', 'விடாது கருப்பு', 'சொர்ண ரேகை' என்று ஒவ்வொன்றும் தனித்தனி ஊர், தனித்தனி ஆட்கள். மூன்று, "இது உண்மையாகவே நடந்தது" என்று சொல்லிக்கொண்டு வரும் நாடகங்கள். இவற்றைப் பார்க்கும் முறையே வேறு. அதற்கு ஐந்தாம் படியில் வருகிறேன்.

புதிதாகத் தொடங்குபவர்கள் முதல் வகையிலேயே நில்லுங்கள். சீசன் முழுக்க நீளும் கதையில் வழக்கமான தொடரின் சொகுசு மெல்ல உள்ளே வந்துவிடும். இந்த வடிவத்தின் ருசி தனிக்கதையில்தான் இருக்கிறது.

இரண்டாம் படி: முதல் வாரத்துக்கு ஐந்து எபிசோடுகள்

"எல்லாவற்றையும் முதலிலிருந்து வரிசையாகப் பார்க்கிறேன்" என்று கிளம்பாதீர்கள். தனிக்கதைகளுக்கு வரிசை தேவையே இல்லை. 156 எபிசோடுகளில் சுமாரானவையும் நிறைய உண்டு. அவற்றில் இரண்டு அடுத்தடுத்து மாட்டினால் தொடரையே விட்டுவிடுவீர்கள்.

முதல் இரவுக்கு நான் எப்போதும் சொல்வது 'தி ஹிட்ச்-ஹைக்கர்' (1960 ஜனவரி). நியூயார்க்கிலிருந்து லாஸ் ஏஞ்சலஸுக்குத் தனியாகக் கார் ஓட்டிச் செல்லும் இளம் பெண். வழியில் டயர் வெடிக்கிறது, சரிசெய்துகொண்டு கிளம்புகிறாள். அதன் பிறகு சாலையோரத்தில் லிஃப்ட் கேட்டு நிற்கும் ஒரே ஆள் மீண்டும் மீண்டும் அவளுக்கு முன்னால் வந்து நிற்கிறான். எவ்வளவு வேகமாகப் போனாலும் அங்கே அவன் இருக்கிறான். அவன் மிரட்டுவதில்லை, துரத்துவதுமில்லை, வெறுமனே நிற்கிறான். லூசில் ஃப்ளெச்சர் 1941-இல் வானொலிக்கு எழுதிய நாடகம் இது. அங்கே கார் ஓட்டியவர் ஓர் ஆண், குரல் கொடுத்தவர் ஆர்சன் வெல்ஸ். வானொலியில் பிறந்த கதை என்பதால் பயம் முழுக்க அந்தப் பெண்ணின் மனக்குரலில் ஓடுகிறது. இயக்குநர் நமக்குக் காட்டுவது மிகக் கொஞ்சம்.

இரண்டாம், மூன்றாம் இரவுகளில் 'லாங் டிஸ்டன்ஸ் கால்' (1961), 'நைட் கால்' (1964) இரண்டையும் ஜோடியாக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டிலும் அமானுஷ்யம் தொலைபேசி வழியாகத்தான் வருகிறது. முதலாவதில் பாட்டி வாங்கிக்கொடுத்த பொம்மைத் தொலைபேசியில் ஒரு சிறுவன் யாருடனோ பேசிக்கொண்டிருக்கிறான், பாட்டியோ இறந்துவிட்டார். இரண்டாவதில் புயலடித்த இரவில் தனியாக இருக்கும் ஒரு முதியவளுக்கு அழைப்பு வருகிறது. ஒரே கருவி, இரண்டு வேறு காயங்கள். அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரே பொருளை வெவ்வேறு எழுத்தாளர்கள் எப்படி வேறு வேறு திசைக்குத் திருப்புகிறார்கள் என்பது பளிச்சென்று விளங்கும். 'நைட் கால்' முதலில் ஒளிபரப்பாக இருந்த நாள் 1963 நவம்பர் 22. அன்று அதிபர் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டதால் தள்ளிப்போய் அடுத்த பிப்ரவரியில்தான் வந்தது.

'லாங் டிஸ்டன்ஸ் கால்' பார்க்கும்போது படம் ஏதோ மேடை நாடகத்தைப் பதிவு செய்தது போலத் தட்டையாக இருக்கும். உங்கள் பிரதியில் கோளாறு இல்லை. செலவைக் குறைக்க இரண்டாம் சீசனில் ஆறு எபிசோடுகளை ஃபிலிமுக்குப் பதில் வீடியோ டேப்பில் எடுத்தார்கள், இது அவற்றில் ஒன்று.

நான்காம் இரவு 'தி இன்வேடர்ஸ்' (1961). ஒதுக்குப்புறமான வீட்டில் தனியாக வாழும் பெண், கூரையின் மேல் ஏதோ வந்து விழும் சத்தம். ஆக்னஸ் மூர்ஹெட் ஏறக்குறைய ஒரு வார்த்தைகூடப் பேசாமல் மொத்தக் கதையையும் தூக்கிச் சுமக்கிறார். சப்டைட்டில் பழக்கமில்லாதவர்களுக்கும் இது நல்ல வாசல். ஐந்தாம் இரவு 'நைட்மேர் அட் 20,000 ஃபீட்' (1963). விமான ஜன்னலுக்கு வெளியே, இறக்கையின் மேல், ஓர் உருவம். பார்ப்பவரோ மனநலச் சிகிச்சை முடிந்து இப்போதுதான் வீடு திரும்புபவர். அவர் சொல்வதை யார் நம்புவார்கள்? ரிச்சர்ட் மாத்திசன் எழுதியது, 'தி இன்வேடர்ஸ்', 'நைட் கால்' இரண்டையும் எழுதியவரும் அவரே.

நான்காம் சீசனை இப்போதைக்குத் தொடவேண்டாம். அந்த ஒரு சீசனில் மட்டும் எபிசோடு ஒரு மணி நேரமாக நீட்டப்பட்டது. அரைமணிக் கதைக்கு இருந்த இறுக்கம் பெரும்பாலானவற்றில் தளர்ந்துபோனது.

மூன்றாம் படி: ஓர் இரவுக்கு ஒன்றுதான்

இந்த வழிகாட்டியில் ஒன்றே ஒன்றைத்தான் பின்பற்றுவேன் என்றால், இதைப் பின்பற்றுங்கள்.

நான் இந்தத் தொடர்களுக்குள் வந்த காலத்தில் ஒரே இரவில் ஒன்பது எபிசோடுகள் பார்த்தேன். நான்காவது எபிசோடிலேயே மனம் கதையை விட்டுவிட்டு முடிவைத் தேட ஆரம்பித்துவிட்டது. "இவர் ஏற்கெனவே செத்திருப்பார்", "இது கனவாக இருக்கும்" என்று கணக்குப் போட்டுக்கொண்டே பார்த்தேன். சில கணக்குகள் சரியாகவும் வந்தன. ஒன்றுகூட நெஞ்சில் தங்கவில்லை. பல மாதம் கழித்து அதே எபிசோடுகளில் ஒன்றைத் தனியாக, ஓர் இரவில் ஒன்று மட்டும் என்று பார்த்தபோதுதான் தூக்கம் போனது. இவை வாரத்துக்கு ஒன்று என்று எழுதப்பட்டவை. முடிந்த பிறகு ஏழு நாள் நினைவில் ஊறட்டும் என்று கணக்கிட்டு எழுதப்பட்டவை. ஆட்டோபிளேயை அணைத்துவிடுங்கள். எபிசோடு முடிந்ததும் பத்து நிமிடம் சும்மா இருங்கள்.

விளக்கை முழுவதுமாக அணைக்கத் தேவையில்லை, திரையில் பிரதிபலிக்காமல் பார்த்துக்கொண்டால் போதும். ஒலிதான் முக்கியம். பழைய தொடர்களில் பயம் அமைதியில் இருக்கிறது: கதவுக்கு அப்பால் ஒரு நடை, கம்பியில் ஒரு கரகரப்பு. கைப்பேசியின் சின்ன ஸ்பீக்கரில் இதெல்லாம் செத்துப்போகும். சாதாரண ஹெட்போன் ஒன்று போதும்.

நான்காம் படி: பார்க்கும்போது கேட்கவேண்டிய கேள்விகள்

பேய் வரும்வரை காத்திருப்பது சோம்பேறிப் பார்வை. முதல் ஐந்து நிமிடத்திலேயே இதைக் கேளுங்கள்: பேய் வருவதற்கு முன்பே இந்த மனிதருக்கு என்ன வலி? பிறகு, இங்கே அமானுஷ்யம் எந்த விதிக்குக் கட்டுப்படுகிறது, வேறு யாருக்காவது அது தெரிகிறதா? கடைசியாக, இதே பேய் இன்னொருவரிடம் வந்திருந்தால் இதே கதை நடந்திருக்குமா? நடந்திருக்கும் என்றால் அது சாதாரணக் கதை. நடக்கவே நடக்காது என்றால் நல்ல கதை கையில் கிடைத்திருக்கிறது.

இதற்கு நான் அறிந்த உச்ச உதாரணம் அமெரிக்காவில் இல்லை. பிபிசி 1971 முதல் 1978 வரை ஆண்டுக்கு ஒன்றாக 'எ கோஸ்ட் ஸ்டோரி ஃபார் கிறிஸ்துமஸ்' என்ற வரிசையை ஒளிபரப்பியது. பெரும்பாலும் லாரன்ஸ் கார்டன் கிளார்க் இயக்கம், ஃபிலிமில், அசல் இடங்களில் எடுத்தவை. அந்த வரிசையில் 1976-இல் வந்தது 'தி சிக்னல்மேன்'. சார்லஸ் டிக்கன்ஸ் 1866-இல் எழுதிய கதை, டென்ஹோம் எலியட் நடிப்பு.

ஆழமான பள்ளத்தில் ரயில் பாதை, சுரங்கத்தின் வாய், ஒரு சிக்னல் அறை. மேலே நிற்கும் ஒரு பயணி கீழே இருப்பவரைக் கூப்பிடுகிறார். குரல் மேலிருந்து வருகிறது, சிக்னல்காரரோ தலையைத் தூக்காமல் சுரங்கத்தின் பக்கம் திரும்பிப் பார்க்கிறார். கதை தொடங்கிய கணத்திலேயே ஏதோ சரியில்லை என்று தெரிந்துவிடுகிறது. அதே வார்த்தைகள் வேறு யாரோ சொல்லி ஏற்கெனவே அவர் காதில் விழுந்திருக்கின்றன.

சுரங்க வாயில் ஓர் உருவம் தோன்றும், மணி அடிக்கும், அந்த மணியோசை அவருக்கு மட்டும் கேட்கும். தோன்றிய பிறகு ஏதாவது ஒரு கோரம் நடக்கும். இப்போது கேள்விகளைப் போடுங்கள். இவர் யார்? செய்தியை ஒரு பக்கமிருந்து வாங்கி மறுபக்கம் அனுப்புவதே தொழிலான மனிதர். அவருக்கு வந்திருப்பதோ அனுப்பவே முடியாத செய்தி. "அபாயம்" என்று தந்தி அடிக்கலாம். என்ன அபாயம், எங்கே என்று பதில் கேள்வி வந்தால் என்ன சொல்வார்? பைத்தியம் என்று வேலையை விட்டு எடுத்துவிடுவார்கள். இதே உருவம் ஒரு கடைக்காரரிடமோ வழக்கறிஞரிடமோ வந்திருந்தால் வெறும் பேய்க்கதை. சிக்னல்காரரிடம் வந்ததால் அது சித்திரவதை ஆகிறது. பேய் அந்த மனிதருக்கென்றே அளவெடுத்துத் தைத்தது போல இருக்கிறது பாருங்கள், நான் தேடச் சொல்வது அதைத்தான்.

டிக்கன்ஸுக்கு இது வெறும் கற்பனை இல்லை. 1865 ஜூன் 9 அன்று ஸ்டேப்பிள்ஹர்ஸ்ட் ரயில் விபத்தில் அவர் உயிர் தப்பினார், பத்துப் பேர் மாண்டார்கள், காயம்பட்டவர்களுக்கு அவரே உதவி செய்தார். மறு வருடம் இந்தக் கதை. விபத்து நடந்து சரியாக ஐந்து வருடம் கழித்து அதே ஜூன் 9 அன்று அவர் இறந்தார். இதைத் தெரிந்துகொண்டு இரண்டாம் முறை பார்க்கும்போது சுரங்கத்தின் இருட்டு இன்னும் கனக்கிறது.

ட்விஸ்ட் பற்றி ஒரு வார்த்தை. கடைசி நிமிடத் திருப்பத்துக்காகவே இந்தத் தொடர்களைப் பார்ப்பவர்கள் உண்டு. நான் வைக்கும் சோதனை எளிது: திருப்பம் முன்பே தெரிந்திருந்தால் இதைப் பார்ப்பேனா? 'தி சிக்னல்மேன்' முடிவு தெரிந்தே பலமுறை பார்த்திருக்கிறேன்.

ஐந்தாம் படி: "உண்மைச் சம்பவம்" என்று சொன்னால்

'ட்வைலைட் ஜோன்' வருவதற்கு எட்டு மாதம் முன்பே, 1959 ஜனவரியில், ஏபிசி சேனலில் 'ஒன் ஸ்டெப் பியாண்ட்' தொடங்கிவிட்டது. 1961 வரை 96 எபிசோடுகள். ஜான் நியூலேண்ட் என்பவர் கோட்டு சூட்டில் நிதானமாக வந்து நின்று, இது பதிவாகியுள்ள மனித அனுபவம், விளக்கம் எங்களிடம் இல்லை என்கிற பாணியில் அறிமுகம் செய்வார். எபிசோடுகளை இயக்கியவரும் அவரே. முன்னுணர்வு, இறந்தவர் காட்சி தருவது, தூரத்தில் நடப்பதை அறிவது எல்லாம் இங்கே கதைப்பொருள். இரண்டாவது எபிசோடே டைட்டானிக் மூழ்குவதை முன்கூட்டி உணர்ந்தவர்களைப் பற்றியது.

இவற்றைப் பார்க்க இரண்டு மனம் வேண்டும். ஓடும்போது முழுக்க நம்பிப் பாருங்கள், கிண்டலுடன் பார்த்தால் ஒன்றும் கிடைக்காது. முடிந்த பிறகு ஒரே ஒரு கேள்வி: இந்த முன்னுணர்வு சம்பவத்துக்கு முன்னால் எங்காவது எழுதப்பட்டதா, இல்லை பிறகு நினைவுகூரப்பட்டதா? பெரிய விபத்துக்குப் பிறகு "எனக்கு அன்றே மனசு சரியில்லை" என்று சொல்பவர்கள் எல்லா ஊரிலும் உண்டு. அவர்கள் பொய் சொல்வதில்லை. ஒன்றும் நடக்காமல் போன ஆயிரம் மனக்கலக்கங்களை நினைவு வைத்திருப்பதில்லை, அவ்வளவுதான்.

டைட்டானிக் விஷயத்திலேயே முன்கூட்டி அச்சான ஒன்று இருக்கிறது. மார்கன் ராபர்ட்சன் 1898-இல் வெளியிட்ட குறுநாவலில் 'டைட்டன்' என்ற மாபெரும் கப்பல் வட அட்லாண்டிக்கில், ஏப்ரல் மாதத்தில், பனிப்பாறையில் மோதி மூழ்குகிறது, உயிர்காப்புப் படகுகள் போதவில்லை. நிஜக் கப்பல் மூழ்கியது 1912 ஏப்ரலில். மயிர்க்கூச்செறிகிறதா? எனக்கும்தான். ஆனால் ராபர்ட்சன் கடலில் வேலை பார்த்தவர். கப்பல்கள் பெருத்துக்கொண்டே போவதும் படகுகள் போதாமலிருப்பதும் பனிப்பாறைகள் வரும் பருவமும் அவருக்குத் தொழில் வழியாகவே தெரியும். இரண்டையும் ஒரே நேரத்தில் மனதில் வைத்திருக்க முடிந்தால் இந்த வகைத் தொடர்கள் உங்களுக்கு முழுதாகத் திறக்கும்.

1961-இல் வந்த 'தி சேக்ரட் மஷ்ரூம்' தனி ரகம். அதில் நாடகமே இல்லை. நியூலேண்ட் மெக்சிகோவுக்குப் போய்ச் சடங்குக் காளான்களைத் தேடுகிறார், பிறகு கேமரா முன் தாமே அதை உட்கொண்டு சோதனைக்கு உட்படுகிறார். அந்தக் காலத் தொலைக்காட்சியில் இப்படி ஒன்று ஒளிபரப்பானது என்பதையே நம்புவது கடினம்.

பிற்காலத்தில் 'பியாண்ட் பிலீஃப்: ஃபேக்ட் ஆர் ஃபிக்ஷன்' (1997–2002) இதையே விளையாட்டாக்கியது. எபிசோடுக்கு ஐந்து குட்டிக் கதைகள், எது உண்மை எது கற்பனை என்று பார்ப்பவர் ஊகிக்க வேண்டும். குடும்பத்தோடு பார்க்க ஏற்றது, ஆழம் எதிர்பார்க்காதீர்கள்.

ஆறாம் படி: கதை சொல்ல வருபவரைக் கவனியுங்கள்

கதைகள் மாறிக்கொண்டே இருக்கும் தொடரில் மாறாமல் வருபவர் அவர் ஒருவர்தான். போரிஸ் கார்லாஃப் 'த்ரில்லர்' (1960–62) தொடரில் ஒரு பெரியவரின் கனிவோடு பயமுறுத்தினார். ஜப்பானில் 1990 முதல் வரும் 'யோ நி மோ கிம்யோ நா மோனோகதாரி' தொடரில் கறுப்புக் கண்ணாடியோடு டமோரி.

ராட் செர்லிங் வேறு மாதிரி. 'ட்வைலைட் ஜோன்' தொடரை உருவாக்கிய அவரே 92 எபிசோடுகளை எழுதினார். அதற்கு முன் அவர் நேரடியான சமூக நாடகங்கள் எழுதிக்கொண்டிருந்தவர். எம்மெட் டில் என்ற கறுப்பினச் சிறுவனின் கொலையிலிருந்து உந்துதல் பெற்று 1956-இல் எழுதிய நாடகத்தை விளம்பரதாரர்கள் தரப்பு அடையாளமே தெரியாதபடி சிதைத்தது. அரசியல்வாதி வாயால் சொல்ல முடியாததை அந்நியக் கிரகவாசி வாயால் சொல்லலாம் என்ற முடிவுக்கு அவர் வந்தது அந்த அனுபவத்தில்தான். 'தி மான்ஸ்டர்ஸ் ஆர் டியூ ஆன் மேப்பிள் ஸ்ட்ரீட்' (1960) பார்த்தால் புரியும். ஒரு தெருவில் மின்சாரம் போகிறது, அக்கம்பக்கத்தார் ஒருவரை ஒருவர் சந்தேகிக்கத் தொடங்குகிறார்கள். கதையை அறிமுகம் செய்ய வரும் செர்லிங் முகத்தில் தெரியும் அந்த இறுக்கத்தை வெறும் ஸ்டைல் என்று நினைத்துக் கடந்துவிடாதீர்கள்.

அவருடைய அடுத்த தொடர் 'நைட் கேலரி'. ஒவ்வொரு கதைக்கும் ஓர் ஓவியத்தைக் காட்டி அறிமுகம் செய்வார். 1969-இல் வந்த முன்னோட்டப் படத்தில் 'ஐஸ்' (Eyes, கண்கள்) என்ற கதையை இயக்கியவர் அப்போது இளைஞராக இருந்த ஸ்டீவன் ஸ்பீல்பெர்க். தொடரில் செர்லிங்குக்குப் படைப்புக் கட்டுப்பாடு இல்லாமல் போனதால் தரம் ஏறி இறங்கும். பொறுக்கிப் பார்க்கவேண்டும்.

ஏழாம் படி: தேடிப் போகவேண்டியவை

இதுவரை சொன்னவை பிடித்துவிட்டால் பிரிட்டன் பக்கம் போங்கள். 1972-இல் பிபிசி எடுத்த 'டெட் ஆஃப் நைட்' வரிசையில் ஏழு எபிசோடுகள். அவற்றில் இன்று மிஞ்சியிருப்பவை மூன்றுதான். அந்தக் காலத்தில் டேப்புகளை அழித்து மறுபடி பயன்படுத்துவது வழக்கம். மிஞ்சியவற்றில் 'தி எக்ஸார்சிசம்' இருப்பது நம் அதிர்ஷ்டம். புதுப்பித்த பழைய வீடு, விருந்துக்கு உட்காரும் இரண்டு தம்பதிகள், அந்த வீட்டில் முன்பு பசியோடு வாழ்ந்தவர்கள்.

ஆந்தாலஜி இல்லாவிட்டாலும் அதே ஆண்டு கிறிஸ்துமஸ் நாளில் வந்த 'தி ஸ்டோன் டேப்' நாடகத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். நைஜல் நீல் எழுதியது. கல்சுவர் ஒரு சம்பவத்தைப் பதிவு செய்துவைத்துத் திரும்ப ஒலிக்கிறது என்பது கரு. பேய் ஆராய்ச்சியாளர்கள் இன்று 'ஸ்டோன் டேப் தியரி' என்று பேசுவது இந்த நாடகத்தின் பெயரால்தான். 1992 அக்டோபர் 31 அன்று 'ஸ்கிரீன் ஒன்' நாடக வரிசையில் வந்த 'கோஸ்ட்வாட்ச்' இன்னொரு கட்டாயம். முன்பே எடுத்து முடித்த நாடகத்தை நேரடி ஒளிபரப்பு போலக் காட்டினார்கள், மக்களுக்குத் தெரிந்த அறிவிப்பாளர்களே அறிவிப்பாளர்களாக நடித்தார்கள். ஏராளமானோர் நிஜமென்று நம்பிப் பதறிவிட்டார்கள். பிரிட்டன் தொலைக்காட்சியில் பிபிசி அதை மறுபடி ஒளிபரப்பவே இல்லை.

சமீபத்தியவற்றில் 'இன்சைட் நம்பர் 9' (2014–2024, 55 எபிசோடுகள்) முதலிடம். எல்லாமே பேய்க்கதைகள் அல்ல. பலவற்றில் சிரித்துக்கொண்டிருக்கும்போதே தரை நழுவும். கியர்மோ டெல் டோரோவின் 'கேபினட் ஆஃப் க்யூரியாசிட்டீஸ்' (2022) எட்டு எபிசோடுகளும் கண்ணுக்கு விருந்து, ஆனால் கதைகள் தேவைக்கு மேல் நீள்கின்றன என்பது என் அபிப்பிராயம். குழந்தைகளோடு பார்ப்பதென்றால் 'ஆர் யூ அஃப்ரெய்ட் ஆஃப் தி டார்க்?' போதும். முதலில் நீங்கள் தனியாக ஒருமுறை பார்த்துவிட்டு அவர்களைக் கூப்பிடுங்கள்.

எட்டாம் படி: முதல் எபிசோடுக்குத் திரும்புங்கள்

இரண்டு மூன்று மாதம் ஆனதும் 'தி ஹிட்ச்-ஹைக்கர்' எபிசோடை மறுபடி போடுங்கள். லிஃப்ட் கேட்டு நிற்பவனை இம்முறை பார்க்க வேண்டாம், அந்தப் பெண்ணின் கைகளைப் பாருங்கள். வழியில் சந்திக்கும் ஒவ்வொருவரிடமும் அவள் எதைக் கெஞ்சுகிறாள் என்று கேளுங்கள். முக்கியமாகத் தொடக்கத்தில், அந்த ஆள் சாலையில் தென்படுவதற்கும் முன்னால், வெடித்த டயரைக் கழற்றிக்கொண்டே மெக்கானிக் அவளிடம் ஏதோ சொல்கிறார். முதல் தடவை அது உங்கள் காதில் விழுந்தும் விழாமல் போயிருக்கும்.